அரங்கிலிருந்து அடைப்பிடத்திற்கு: வண்டலூரில் சர்க்கஸ் விலங்குகள்

சென்னை அருங்காட்சியகத்தில் 1855இல் எட்வர்ட் பால்ஃபோர் தொடங்கிய விலங்குத் தொகுப்பு, பின்னர் பீப்பிள்ஸ் பார்க்கிற்கு மாறி, 1985இல் வண்டலூரில் அறிஞர் அண்ணா உயிரியல் பூங்காவாக நிலைபெற்றது. காட்சிக்கென அமைந்த இந்நிறுவனம் பிற்காலத்தில் வேறொரு பொறுப்பையும் ஏற்க நேர்ந்தது.

கரடி, குரங்கு, புலி, சிறுத்தை, சிங்கம் ஆகியவற்றை வித்தைக்குப் பழக்குவதை நடுவணரசு 1998 அக்டோபர் 14 அறிவிக்கையால் தடைசெய்தது. உச்ச நீதிமன்றம் 2001இல் அதனை உறுதிசெய்தது. சர்க்கஸ்களிலிருந்து மீட்கப்பட்ட சிங்கங்களும் புலிகளும் வண்டலூர் உள்ளிட்ட மறுவாழ்வு மையங்களை அடைந்தன. அச்சிங்கங்களுள் பல ஆசிய, ஆப்பிரிக்க இனக்கலப்பில் கூண்டிலேயே பிறந்தவை. ஆகவே அவற்றைக் காட்டில் விட இயலவில்லை. அவை பெருகாதவாறும் தடுக்கப்பட்டது.

மாமல்லபுரத்தை அடுத்த வடநெம்மேலியில் 1976இல் தோன்றிய முதலைப் பண்ணையின் நிலை வேறு. அங்குப் பெருக்கப்பட்ட சதுப்புநில முதலைகள், எண்ணிக்கை குன்றிய இயற்கை வாழிடங்களை மீட்டெடுக்கப் பிற மாநிலங்களுக்கு அளிக்கப்பட்டன. அங்கே சிறைவாழ்வு நீர்நிலைக்குத் திரும்பும் வழியாயிற்று. வண்டலூரிலோ அது சாவுவரை நீளும் பராமரிப்பாயிற்று.

சட்டம் வித்தையை நிறுத்தியது, சிறையை நிறுத்தவில்லை. தனியார் கேளிக்கை ஈட்டிய வருவாய்க்குப் பின் எஞ்சிய உயிர்களைப் பொது நிறுவனமே சுமந்தது. எனவே ‘மீட்பு’ என ஆவணங்கள் குறிப்பதை ‘விடுதலை’ எனப் பொருள்கொள்ளுதல் பொருந்தாது.