வாடிவாசலில் ஒரு தகப்பன்: மதுரைப் புனைவுகளில் நினைவு நிலமான வரலாறு

மதுரையைச் சுற்றி எழுந்த புனைவுகளில் நடந்து முடிந்ததை அறிய ஆட்கள் கண்ணை மூடி உட்காருவது குறைவு. எழுந்து ஓர் இடத்துக்குப் போகிறார்கள். மலை மண்டபம், ஆயர்பாடி, மணல் தீவு, வாடிவாசல் என்று இடம் மாறும்; போன இடத்தில் பழையது காலில் தட்டுப்படும். ஆனால் எந்த இடமும் தானாக வாய் திறப்பதில்லை. பக்கத்தில் நின்று சொல்ல ஓர் ஆள் வேண்டும். அப்படிச் சொல்பவர் யார் என்பது காலந்தோறும் மாறியதைத்தான் இந்தக் கட்டுரை பின்தொடர்கிறது.

தொடக்கத்தைத் திருப்பரங்குன்றத்தில் வைக்கலாம். பரிபாடலின் 19ஆம் பாடலில் நப்பண்ணனார் குன்றத்துக்கு வந்த கூட்டத்தை ஓவிய மண்டபத்துக்குள் அழைத்துப் போகிறார். இரதியும் காமனும் அங்கே இருக்கிறார்கள். பூனையாகப் பதுங்கிய இந்திரன், அகலிகை, சினந்த கௌதமன், கல்லான பெண் என்று ஒரு கதையே சுவரில் கிடக்கிறது. வந்தவர்கள் ஒருவரையொருவர் கேட்டுக்கொள்கிறார்கள், தெரிந்தவர் தெரியாதவருக்குச் சொல்கிறார். தனி வழிகாட்டி என்று எவரும் இல்லை, கூட்டமே சொல்லிக்கொள்கிறது. அதே பாடலில் உறவினரைவிட்டு விலகிப்போன சிறுமி ஒருத்தி கூவுகிறாள்; முழையில் பட்டு வந்த எதிரொலியை அவர்கள் குரலென்று நம்பி அதன் பின்னாலேயே போகிறாள். சொல்ல ஆளில்லாவிட்டால் இடம் நம் குரலைத்தான் நமக்குத் திருப்பித் தரும் என்பதற்கு இதைவிட நல்ல காட்சி எனக்குக் கிடைக்கவில்லை.

சிலப்பதிகாரத்தின் ஆய்ச்சியர் குரவையில் பார்ப்பவரே உள்ளே நுழைந்துவிடுகிறார்கள். மதுரைப் புறஞ்சேரியில் பால் உறையவில்லை, வெண்ணெய் உருகவில்லை. கெட்ட நிமித்தம் கண்ட ஆயர் முதுமகள் மாதரி குரவைக் கூத்துக்கு ஏற்பாடு செய்கிறாள். ஏறு தழுவியவனுக்கு என்று வளர்க்கப்பட்ட ஏழு பெண்கள், குரல் முதல் தாரம் வரை ஏழு சுரங்களின் பெயரில் வரிசையில் நிற்கிறார்கள். குரல் மாயவனாகிறது, இளி பலராமனாகிறது, துத்தம் நப்பின்னையாகிறது. எப்போதோ நடந்த லீலைக்கு ஆயர்பாடி மன்றத்தில் அளந்து இடம் ஒதுக்கியாயிற்று.

மணிமேகலையில்தான் இந்த மரபு உச்சம் தொடுகிறது. தென்மதுரையில் சிந்தாதேவி கொடுத்த அமுதசுரபியால் ஊருக்குச் சோறிட்ட ஆபுத்திரன், மணிபல்லவத்தில் கப்பலைத் தவறவிட்டு, பசித்த உயிர் ஒன்றும் இல்லாத தீவில் பாத்திரத்துக்கு என்ன வேலை என்று கோமுகிப் பொய்கையில் அதை விட்டுவிட்டு உண்ணாமல் உயிர் துறக்கிறான். மறுபிறவியில் சாவக நாட்டு மன்னன் புண்ணியராசனாகி மணிமேகலையோடு அதே தீவுக்கு வருகிறான். புத்த பீடிகை முற்பிறப்பை அவனுக்குக் காட்டுகிறது. காப்பியத்தை எழுதிய சாத்தனார் அதோடு விடவில்லை. தீவின் காவல் தெய்வமான தீவதிலகை வந்து, அவனைத் தேடி வந்து அவன் பொருட்டு இறந்த ஒன்பது வணிகரின் எலும்புகள் மணலில் கிடக்கும் இடத்தைச் சுட்டுகிறாள். புன்னை மரத்தடியைத் தோண்டினால் அவனுடைய பழைய உடம்பின் எலும்புக்கூடே கிடக்கிறது; அரசன் நிலைகுலைந்து போகிறான். புகாரைக் கடல் கொண்ட செய்தியும் அந்தத் தீவில்தான் தெரியவருகிறது. ஒரு பெருநகரம் இருந்த சுவடின்றிப் போக, ஆளில்லாத் தீவு ஒருவனின் எலும்பைப் பத்திரமாக வைத்திருக்கிறது. பழம்பிறப்பு உணர்தல் பௌத்தக் கதைகளில் புதிதல்ல. அதைத் தோண்டி எடுக்கிற பொருளாக்கியது சாத்தனார் துணிவு என்பேன்.

நவீன காலத்துக்கு வந்தால் தெய்வங்கள் விலகிக்கொள்கின்றன. புதுமைப்பித்தனின் ‘கபாடபுரம்’ கடல்கொண்ட நகரைக் கதைக்களமாக்குகிறது. கல்கியின் ‘மோகினித் தீவு’ பர்மாவிலிருந்து போர்க்காலத்தில் வந்த கப்பலைப் பாழடைந்த சிற்ப மண்டபங்களுக்கு நடுவே நிறுத்தி, பாண்டிய இளவரசி, சோழ இளவரசன் கதையை நிலவொளியில் சொல்லவைக்கிறது. படிக்கச் சுகம்தான், ஆனால் அந்தத் தீவில் யாருக்கும் எதுவும் பாக்கி இல்லை. வந்தவன் கேட்டுவிட்டுக் கப்பலேறிப் போய்விடலாம்.

பாக்கி உள்ளவன் சி.சு. செல்லப்பாவின் ‘வாடிவாசல்’ பிச்சி. வத்தலக்குண்டுக்காரரான செல்லப்பாவுக்குச் சல்லிக்கட்டு கேள்விப்பட்ட விஷயமல்ல. ஒரே பிற்பகல், காளைகள் வெளியே பாயும் திட்டிவாசலை ஒட்டிய கொஞ்சம் தரை. குறுநாவல் அதைவிட்டு அதிகம் நகர்வதில்லை. பிச்சியின் அப்பன் அம்புலி பேர்பெற்ற மாடுபிடிகாரன். அவனைச் சாய்த்த காரிக்காளை, ஜமீன்தாரின் பெருமையாக இன்று வாடிக்குள் நிற்கிறது. அணைமரத்தருகே நிற்கும் கிழவன், யாரிடம் பேசுகிறோம் என்று தெரியாமலேயே அம்புலியின் பிடிகளை அவன் மகனிடமே சொல்லத் தொடங்குகிறான். தீவதிலகையின் வேலையை இப்போது ஒரு கிராமத்துக் கிழவன் செய்கிறான், அதுவும் வெற்றிலை மெல்லுகிற சாவகாசத்தோடு. முற்பிறவி சுருங்கி முந்தின தலைமுறை ஆகிவிட்டது. புண்ணியராசன் எலும்பைப் பார்த்துத் தெளிந்து ஊர் திரும்பினான். பிச்சிக்குப் பார்த்தால் போதாது, இறங்கியாக வேண்டும். காரியை அணைந்து குத்துப்படுகிறான். ஜமீன்தார் தோற்ற காளையைச் சுட்டுக் கொல்கிறார். கடந்துபோனதற்குள் நுழைந்ததற்கு ரத்தம் விலையாகும் முதல் பெரிய தமிழ்ப் புனைவு இதுதான் என்று கருதுகிறேன்.

புனைவை விட்டு இன்றைய களத்துக்கு வந்தாலும் சொல்பவர் யார் என்ற கேள்வி தொடர்கிறது. தை மூன்றாம் நாள் அலங்காநல்லூர்ச் சல்லிக்கட்டில் முனியாண்டி கோயில் மாடு முதலில் வரும், அதை யாரும் தொடமாட்டார்கள். பிறகு தேங்காய் நார் பரப்பிய தரையில் ஒவ்வொரு காளையாக இறங்கும். ஒலிபெருக்கி மாட்டுக்காரர் பெயர், ஊர், பரிசு என்று மூச்சுவிடாமல் சொல்லும். முன்பு யார் எந்த மாட்டை அணைந்தார் என்பதை மாடியிலும் தடுப்பு ஓரத்திலும் நிற்கும் பெரியவர்கள் தங்களுக்குள் பேசிக்கொள்வார்கள். 2024 ஜனவரி 24 அன்று அருகே கீழக்கரையில் திறந்த கலைஞர் நூற்றாண்டு ஏறுதழுவுதல் அரங்கத்தில் அருங்காட்சியகத்துக்கும் இடம் ஒதுக்கினார்கள். அங்கே சொல்லும் பொறுப்பு பலகைக்குப் போகிறது. பரங்குன்றத்துச் சுவர் முன் நின்றவர்களைப் போலக் கேள்வி கேட்க இடம் வைத்துப் பலகை எழுதுவார்களா, தேதியும் பெயரும் போட்டு முடித்துவிடுவார்களா என்பதைப் பொறுத்து, அம்புலியைப் போன்றவர்களுக்கு அதில் ஒரு வரியாவது கிடைக்கும்.