பதில் சொல்லக் கற்ற அதிகாரம்

ரைன் நதிக்கரையில் இருக்கும் ஸ்ட்ராஸ்பர்க் நகரத்தில், பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதி கழிந்து சில ஆண்டுகளில் பிறந்து, ஊரை விட்டு ஒரு நாளும் வெளியேறாமல் நீண்ட ஆயுளோடு வாழ்ந்த ஒருவரை நினைத்துப் பார்ப்போமானால், அவர் பிரெஞ்சுப் பிரஜையாகப் பிறந்து, 1871-ல் ஜெர்மன் சக்கரவர்த்தியின் பிரஜையாகி, 1918-ல் மறுபடியும் பிரான்ஸைச் சேர்ந்து, 1940-ல் ஹிட்லரின் ஆட்சிக்குள் விழுந்து, 1944-ல் இன்னொரு முறை பிரெஞ்சுக் கொடியின் கீழ் வந்திருப்பார் என்பது விளங்கும். வீடும் வாசலும் தெருவும் இருந்தபடியே இருக்க, நாடு மட்டும் நான்கு முறை மாறிற்று. அந்த நான்கில் ஒரு முறையேனும், எந்த ஆட்சி வேண்டும் என்று அவரை ஒருவரும் கேட்கவில்லை.

மக்களைக் கேளாமலே ஆட்சிகள் வந்து போன அந்த ஊரிலேதான், பல தேசங்களுக்கும் மேலாக நிற்கும் ஓர் அதிகாரத்தை மக்களின் பிரதிநிதிகள் எழுந்து நின்று கேள்வி கேட்பதும், அந்த அதிகாரம் பதில் சொல்வதும் ஆகிய வழக்கம் வேரூன்றியது. அது எப்படிப் பிறந்தது, எவ்வளவு மெதுவாக வளர்ந்தது, இன்னும் எங்கே குறைபட்டு நிற்கிறது என்பதை அறிந்துகொள்வது, ஜனநாயகத்தில் நம்பிக்கை வைத்திருக்கும் எவருக்கும் பயன் தருவதாகும்.

1950 மே 9-ஆம் தேதி, பிரெஞ்சு வெளிநாட்டு மந்திரியாகிய ராபர்ட் ஷூமான், பிரான்ஸும் ஜெர்மனியும் தங்கள் நிலக்கரியையும் எஃகையும் ஒரு பொது அதிகாரத்தின் கீழ் வைக்க வேண்டும் என்றும், விரும்பும் மற்ற ஐரோப்பிய நாடுகளும் அதில் சேரலாம் என்றும் பாரிஸ் நகரத்தில் பிரகடனம் செய்தார். பீரங்கிக்கும் டாங்கிக்கும் ஆதாரமான இரண்டு பொருள்கள் பொதுச் சொத்தைப்போல் ஆகிவிட்டால், ஒருவருக்குத் தெரியாமல் ஒருவர் யுத்தத்துக்கு ஆயத்தம் செய்வது முடியாத காரியமாகிவிடும் என்பதே அதன் உட்கருத்து. அந்தப் பிரகடனத்தை உருவாக்கியவர் ழான் மொனே. கொன்யாக் ஊரில் பிராந்தி வியாபாரம் செய்த குடும்பத்தில் பிறந்த அவர், முதல் உலக யுத்தத்துக்குப் பிறகு சர்வதேச சங்கத்தில் உதவிப் பொதுக் காரியதரிசியாக இருந்து, ஒரே ஒரு தேசம் மறுத்தாலும் எல்லாக் காரியமும் நின்றுபோவதைக் கண்ணாரக் கண்டவர். ஆகவே, எந்தத் தேசத்தின் கட்டளைக்கும் உட்படாத ஓர் உயர் அதிகாரக் குழு வேண்டும் என்று அவர் தீர்மானித்தது அனுபவத்தில் விளைந்த முடிவேயாகும்.

ஆனால் அந்தக் குழு யாருக்குப் பதில் சொல்ல வேண்டும்? பிரகடனத்தில் பிரதிநிதிகளின் சபையைப் பற்றி ஒரு வார்த்தையும் இல்லை. பின்னால் நடந்த பேச்சு வார்த்தையின்போதே அப்படி ஒரு சபை சேர்க்கப்பட்டு, 1951 ஏப்ரல் 18-ல் ஆறு நாடுகள் கையொப்பமிட்ட பாரிஸ் உடன்படிக்கையில் இடம்பெற்றது. பிரான்ஸ், மேற்கு ஜெர்மனி, இத்தாலி ஆகிய மூன்றுக்கும் தலா 18, பெல்ஜியத்துக்கும் நெதர்லாந்துக்கும் தலா 10, லக்ஸம்பர்க்குக்கு 4 என்று 78 அங்கத்தினர்கள். அவர்களும் ஜனங்களின் நேரடியான வாக்கினால் வந்தவர்கள் அல்லர், தத்தம் நாட்டுப் பார்லிமெண்டுகள் அனுப்பி வைத்தவர்கள். 1952 செப்டம்பர் 10-ஆம் தேதி அவர்கள் ஸ்ட்ராஸ்பர்க்கில் முதன்முறையாகக் கூடி, பெல்ஜியத்தின் பால் ஹென்றி ஸ்பாக் என்பவரைத் தலைவராகத் தேர்ந்தெடுத்தார்கள். சட்டம் செய்யும் உரிமையோ வரி விதிக்கும் உரிமையோ அவர்களுக்கு இல்லை. உயர் அதிகாரக் குழு ஆண்டுதோறும் அளிக்கும் அறிக்கையை விவாதிக்கலாம். விவாதத்தின் முடிவில், வாக்களித்தவர்களில் மூன்றில் இரண்டு பங்கினர் கண்டனத் தீர்மானத்தை ஆதரித்தால், குழு முழுவதும் பதவி விலக வேண்டும். இவ்வளவே அவர்களுடைய செல்வம். இந்தச் சிறிய உரிமையை வாசகர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். நாற்பத்தேழு ஆண்டுகள் உறங்கிக் கிடந்த பிறகு அது விழித்தெழுந்த கதை பின்னால் வரும்.

1953 ஏப்ரல் மாத இறுதியில், லக்ஸம்பர்க் நாட்டின் எஷ் என்னும் ஊரில், பொதுச் சந்தை திறக்கப்படுவதைக் குறிக்கும் முகமாக எஃகு வார்க்கப்பட்டு, ஐரோப்பா என்னும் பெயர் பொறித்த கட்டியொன்றை மொனே கையில் ஏந்தி நின்றார். உலையிலிருந்து வந்த அந்தக் கட்டி மணிக்கணக்கில் ஆறி உருப்பெற்றுவிட்டது. மக்களின் ஒப்புதல் என்னும் மற்றொரு வார்ப்பு உருப்பெறுவதற்கோ தலைமுறைகள் தேவைப்பட்டன.

1957 மார்ச் 25-ல் கையொப்பமான ரோமாபுரி உடன்படிக்கை, நிலக்கரி, எஃகு என்னும் எல்லையைத் தாண்டி, விவசாயம், சுங்கம், வியாபாரம் ஆகியவற்றையும் பொது நிர்வாகத்துக்குள் கொண்டுவந்தது. யோசனைகளை முன்வைப்பது கமிஷன் என்னும் நிர்வாகக் குழு. முடிவு செய்வது ஆறு நாட்டு மந்திரிகளின் சபை. 142 பேராகப் பெருகிய பிரதிநிதிகள் சபையோ, பல விஷயங்களில் அபிப்பிராயம் சொல்வதோடு நிற்க வேண்டும். எனினும் அங்கத்தினர்கள் தங்களுக்குக் கொடுக்கப்பட்ட ஆசனத்தைச் சிறிதென்று எண்ணி வாளாவிருக்கவில்லை. 1958-ல் தேச வேறுபாட்டை விட்டுக் கொள்கை வழியாகக் குழுக் குழுவாக அமர்ந்தார்கள். 1962 மார்ச் 30-ல், உடன்படிக்கை வெறும் சபை என்று சொன்னதைப் பொருட்படுத்தாமல், தங்களுக்கு ஐரோப்பியப் பார்லிமெண்ட் என்று தாங்களே பெயர் சூட்டிக்கொண்டார்கள். அரசாங்கங்கள் அந்தப் பெயரை ஓர் உடன்படிக்கையில் எழுதி ஒப்புக்கொண்டது 1986-ஆம் ஆண்டில்தான். பெயருக்கே இத்தனை காலம் என்றால், அதிகாரத்துக்கு எவ்வளவு காலம் என்று சொல்ல வேண்டியதில்லை.

இதற்கிடையில் பொதுச் சட்டத்தின் கை சாதாரணக் குடும்பங்களையும் எட்டிவிட்டது. மிலான் நகரத்தில் ஒரு வழக்கறிஞர், இத்தாலிய அரசாங்கம் மின்சாரக் கம்பெனிகளைத் தேசியமயமாக்கியதை ஆட்சேபித்து, 1,925 லீரா மதிப்புள்ள மின்சாரக் கட்டணச் சீட்டுக்குப் பணம் கட்ட மறுத்தார். அந்தச் சிறு தொகையைப் பற்றிய வழக்கில்தான் லக்ஸம்பர்க்கிலுள்ள ஐரோப்பிய நீதிமன்றம், 1964-ல், பொதுச் சட்டமும் ஒரு தேசத்தின் சட்டமும் முரண்பட்டால் பொதுச் சட்டமே மேலோங்கும் என்று தீர்ப்பளித்தது. தன் நாட்டுப் பார்லிமெண்ட் செய்த சட்டத்தையும் மீறி ஒரு மனிதனைக் கட்டுப்படுத்தக் கூடிய சட்டம், கதவை மூடிக்கொண்டு கூடும் மந்திரிகளால் செய்யப்படுகிறதென்றால், அந்தச் சட்டத்துக்கு அவன் தந்த சம்மதம் எங்கே இருக்கிறது? இந்தக் கேள்வி அன்றுமுதல் ஐரோப்பாவை விட்டு நீங்கவில்லை.

ரோமாபுரி உடன்படிக்கையிலேயே இதற்கு ஒரு விடை எழுதப்பட்டிருந்தது: சபையின் அங்கத்தினர்களைச் சர்வஜன வாக்குரிமையின்படி ஜனங்களே தேர்ந்தெடுக்க ஏற்பாடு செய்யப்படும் என்பது அந்த வாக்குறுதி. 1960-ல் சபையே அதற்கு ஒரு நகல் திட்டம் வகுத்துக் கொடுத்தது. ஆனால் எல்லா அரசாங்கங்களும் ஒருமனதாக இசைந்தால் ஒழிய அது நிறைவேறாது. தேசங்களுக்கு மேற்பட்ட எந்த அதிகாரத்தையும் விரும்பாத பிரெஞ்சு ஜனாதிபதி ஜெனரல் டிகால், 1965-ல் தொடங்கி ஏழு மாத காலம் தம் மந்திரிகளையே பொதுக் கூட்டங்களிலிருந்து விலக்கி வைத்தவராகையால், அவர் காலத்தில் அது அசையவில்லை. 1974 டிசம்பரில் பாரிஸில் கூடிய ஆட்சித் தலைவர்கள் இசைந்து, 1976-ல் அதற்கான சட்டம் கையொப்பமாகி, 1979 ஜூன் 7 முதல் 10 வரை, அதற்குள் ஒன்பதாகப் பெருகியிருந்த நாடுகளின் ஜனங்கள் 410 பிரதிநிதிகளைத் தேர்ந்தெடுத்தார்கள். வாக்குரிமை பெற்றவர்களில் நூற்றுக்கு 62 பேர் வாக்களித்தனர்.

அந்த ஜூலை மாதம் 17-ஆம் தேதி ஸ்ட்ராஸ்பர்க் சபா மண்டபத்தில் நடந்ததைச் சற்று நின்று பார்க்க வேண்டும். அங்கத்தினர்களில் வயதில் மூத்தவர் என்ற முறையில் முதலில் தலைமை ஆசனத்தில் அமர்ந்தவர், எண்பத்தாறு வயதான லூயீஸ் வைஸ் அம்மையார். பிரான்ஸில் பெண்களுக்கு வாக்குரிமை இல்லாத 1930-களில் அதற்காகத் தெருவில் இறங்கிப் போராடியவர். அவருக்குப் பின் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டவர் சிமோன் வெயில். பதினாறாம் வயதில் ஆஷ்விட்ஸ் வதை முகாமுக்குக் கொண்டுபோகப்பட்டு, கையில் எண் பச்சை குத்தப்பட்டு, பெற்றோரையும் உடன்பிறந்தானையும் அந்தக் கொடுமைக்குப் பறிகொடுத்தவர். ஓர் அரசாங்கம் மனிதரை வெறும் எண்ணாக ஆக்கிவிட்டால் என்ன நேரும் என்பதை உடலிலேயே எழுதப்பெற்ற ஒருவரை, பழைய பகை நாடுகளின் பிரதிநிதிகள் ஒன்றுகூடித் தங்கள் தலைவராக ஏற்றுக்கொண்ட அந்த நாள், நூற்றாண்டின் கண்ணீரையெல்லாம் துடைக்கவில்லையென்றாலும், அதற்குரிய மரியாதையைச் செலுத்திற்று.

அந்தத் தேர்தலுக்கும் முதல் கூட்டத்துக்கும் இடைப்பட்ட நாள்களிலேயே ஒரு சோதனை நேர்ந்திருந்தது. மக்காச்சோள மாவிலிருந்து எடுக்கும் ஐஸோகுளுகோஸ் என்னும் இனிப்புப் பாகின் உற்பத்திக்கு அளவு விதிக்கும் சட்டமொன்றைப் பற்றி, மந்திரிகள் சபை பார்லிமெண்டின் அபிப்பிராயத்தைக் கேட்டிருந்தது. பார்லிமெண்ட் அபிப்பிராயம் சொல்லுமுன் தேர்தல் வந்துவிட, மந்திரிகள் காத்திராமல் ஜூன் 25-ல் சட்டத்தைப் பிறப்பித்துவிட்டார்கள். பாதிக்கப்பட்ட கம்பெனி வழக்குத் தொடுத்தது. பார்லிமெண்டும் அவ்வழக்கில் சேர்ந்துகொண்டது. 1980 அக்டோபர் 29-ல் நீதிமன்றம் அந்தச் சட்டத்தை ரத்து செய்தது. அபிப்பிராயம் கேட்பது வெறும் சடங்கு அன்று என்றும், பிரதிநிதிகளின் சபை மூலமாக மக்கள் ஆட்சியில் பங்கு பெற வேண்டும் என்னும் ஜனநாயகத்தின் மூலத் தத்துவம் அதில் அடங்கியிருக்கிறது என்றும் நீதிபதிகள் விளக்கினார்கள். கேட்பது என்றால் பதில் வரும் வரையில் காத்திருப்பது என்று பொருள். ஒரு சொல்லின் பொருளை நிலைநாட்டியதனாலேயே ஒரு சபையின் அந்தஸ்து உயர்ந்தது. இதற்குள் 1970, 1975 ஆண்டுகளின் உடன்படிக்கைகள் பணத்தின் மீதும் அதற்கு உரிமை கொடுத்திருந்தபடியால், 1979 டிசம்பரிலேயே அடுத்த ஆண்டின் வரவு செலவுத் திட்டத்தை அது முழுவதும் நிராகரித்துவிட்டது.

இனி, உயர் அதிகாரக் குழுவைப் போலவே கமிஷனுக்கும் பொருந்தியிருந்த, உறங்கிக் கிடந்த அந்தப் பழைய கண்டன உரிமைக்கு வருவோம். 1998-ன் இறுதியில், ழாக் சாந்தேர் தலைமையிலிருந்த கமிஷனின் கணக்குகளில் முறைகேடுகள் உண்டென்று, அந்த ஸ்தாபனத்திலேயே வேலை பார்த்த ஒரு தணிக்கை அதிகாரி பார்லிமெண்டுக்குத் தெரிவித்தார். அதற்காக வேலையிலிருந்து தற்காலிகமாக நீக்கவும் பட்டார். பார்லிமெண்ட் 1996-ஆம் ஆண்டுக் கணக்குகளுக்கு ஒப்புதல் அளிக்க மறுத்தது. 1999 ஜனவரியில் வந்த கண்டனத் தீர்மானம் தோற்றாலும், சுயேச்சையான நிபுணர் குழுவொன்று விசாரிக்க வேண்டும் என்பது உறுதியாயிற்று. மார்ச் 15-ல் வந்த அறிக்கை, கமிஷன் அங்கத்தினர் ஒருவர் தமக்கு வேண்டிய பல் வைத்தியர் ஒருவரை விஞ்ஞான ஆலோசகராக அமர்த்தியது போன்ற சலுகைகளை எடுத்துக்காட்டியது. அதைவிடக் கடுமையாக, நடந்தவற்றுக்கு நானே பொறுப்பு என்று சொல்ல அங்கே ஆள் அகப்படுவதே அரிதாகிவிட்டது என்னும் உண்மையை அது வெளியிட்டது. அன்று இரவே இருபது அங்கத்தினர்களும் ஒருங்கே பதவி விலகினார்கள். கண்டனத் தீர்மானம் ஒன்றுகூட என்றும் நிறைவேறியதில்லை. நிறைவேறக் கூடும் என்னும் அச்சமே போதுமானதாக இருந்தது.

இரண்டு ஆண்டுகளுக்குப் பின், 2001 ஜூலையில், புதிய கமிஷன் நல்லாட்சியைப் பற்றி ஒரு வெள்ளை அறிக்கை வெளியிட்டு, ஒளிவின்மை, மக்கள் பங்கேற்பு, பொறுப்புடைமை, செயல் திறன், முன்பின் முரணாமை என ஐந்து தத்துவங்களை வகுத்தது. அறிக்கைகள் எழுதுவது எளிது என்று சிலர் கூறலாம். ஆனால் இந்த ஐந்தும் 1999-ல் கற்ற பாடத்துக்குப் பின் வரிசைப்பட்டவை என்பதை மறக்கலாகாது.

இவ்வளவு சொன்ன பிறகும், மனத்தை உறுத்தும் ஓர் உண்மையைச் சொல்லாமல் விட முடியாது. பார்லிமெண்டின் அதிகாரம் ஏற ஏற, வாக்களிப்போரின் தொகை இறங்கிக்கொண்டே வந்தது. 1999-ல் பாதிக்குச் சற்றுக் குறைவானவர்களே வாக்களித்தனர். 2009-ல் அது 43 சதவிகிதமாயிற்று. அந்த ஆண்டின் இறுதியில் நடைமுறைக்கு வந்த லிஸ்பன் உடன்படிக்கை, பெரும்பாலான சட்டங்களைச் செய்வதில் பார்லிமெண்டை மந்திரிகள் சபைக்குச் சமமாக்கியிருந்தும், 2014-ல் தொகை உயரவில்லை. 2019-ல்தான் பாதியைச் சிறிது தாண்டியது. 2005-ல் ஐரோப்பிய அரசியல் சாசனத்தைப் பற்றி நேராகக் கேட்டபோது, முதல் ஆறு நாடுகளைச் சேர்ந்த பிரான்ஸும் நெதர்லாந்துமே வேண்டாம் என்றன. நல்ல பலன் தரும் ஆட்சிக்கு வேறு ஒப்புதல் எதற்கு, சமாதானமும் செழிப்புமே போதாவோ என்று வாதிப்பவர்களும் உண்டு. அந்தச் சமாதானத்தை எவரும் சிறிதாக எண்ண முடியாது. ஆயினும், 1999-ல் கமிஷன் வீழ்ந்தது செழிப்புக் குறைந்ததனால் அன்று. கேட்டதற்குப் பதில் சொல்ல ஆள் இல்லாததனால். திறமை மிக்க அதிகாரமும் கேட்பார் இல்லாத இடத்தில் கெட்டுப்போகும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

அந்த ஸ்ட்ராஸ்பர்க் முதியவரை ஒருவரும் ஒன்றும் கேட்டதில்லை. அவருடைய பேரரின் பிள்ளைகளை ஐந்தாண்டுக்கு ஒரு முறை ஐரோப்பா கேட்கிறது. ஏறக்குறைய பாதிப்பேர் மௌனமாக இருக்கிறார்கள். சபா மண்டபத்துக்குள் அதிகாரம் பதில் சொல்லக் கற்றுவிட்டது. இனி அந்தப் பதில் மண்டபத்தின் படியிறங்கி, மின்சாரக் கட்டணச் சீட்டைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கும் மனிதனின் வாசல் வரைக்கும், அவனுக்குப் புரியும் பாஷையில் வந்து சேர வேண்டும். அவன் வாய் திறந்து பதில் சொல்லும் நாளிலேதான், 1952-ல் எழுபத்தெட்டுப் பேர் தொடங்கிவைத்த காரியம் முழுமை பெறும்.