ஒரு கவிஞனின் குருதி

ஒரு கவிஞனின் குருதி, பிரெஞ்சுக் கவிஞரும் ஓவியரும் நாடகாசிரியருமான ழான் கொக்தோ (1889–1963) எழுதி இயக்கிய முதற் பேசும்படம். 1930இல் படமாக்கப்பெற்ற இது, 1932 ஜனவரி 20ஆம் நாள் பாரிஸ் நகரின் வியூ கொலோம்பியே அரங்கில் திரையிடப்பெற்றது. சுமார் 50 நிமிஷம் ஓடும் இப்படம் நான்கு பகுதிகளை உடையது. சிருஷ்டி நிகழுங்கால் சிருஷ்டிகர்த்தாவுக்கு நேர்வது யாது என்பதே இதன் விஷயம்.

பொருளுதவி புரிந்தவர் பிரபு சார்ல் த நோஆய். அவரே ஆதரித்த லூயிஸ் புனுவெலின் ‘பொற்காலம்’ என்னும் படம் 1930 டிசம்பரில் பெருங் கலகத்தை விளைவித்துத் தடையும் பெற்றமையால், கொக்தோவின் படம் ஓராண்டுக்கு மேல் வெளிவராமல் காத்திருக்க நேர்ந்தது.

படம் தன்னைப் படமென்று மறைப்பதில்லை. படப்பிடிப்புக்கூட விளக்குகளினிடையே, கண்கள் மட்டும் தெரிய முகத்தை மூடி, சாந்தாலான கை ஒன்றை ஏந்தி நின்று, ஆசிரியரே தொடக்கத்தை அறிவிக்கிறார். இடையிடையே வர்ணனை கூறுவதும் அவர் குரலே. முதலில் சரியத் தொடங்கும் ஓர் ஆலைப் புகைபோக்கி, படத்தின் முடிவிலேயே முற்றும் வீழ்வதால், இடையே கண்டன யாவும் ஒரு கணத்துள் அடங்கியவை என்பது புலனாகிறது.

கவிஞன் வரைந்த முகத்தின் வாய் திடீரென உயிர்பெற்று அசைய, அவன் அஞ்சி அதை உள்ளங்கையால் அழிக்கிறான். வாயோ அக்கையிலேயே ஒட்டிக்கொண்டு பேசுகிறது. பின்னர், லீ மில்லர் நடித்த சிலையின் சொற்கேட்டு, அவன் நிலைக்கண்ணாடிக்குள் பாய்கிறான். கண்ணாடியிருந்த இடத்தில் நீர்த்தொட்டியை வைத்து, மேலிருந்து எடுத்த அக்காட்சியில் தண்ணீர் தெறிப்பது நன்றாகத் தெரிகிறது. உபாயம் வெளிப்பட்டும் அற்புதம் குறையாமையே இதன் தனிச்சிறப்பு.

ஒலியமைப்பிலும் இத்துணிவு காணப்படும். குறித்த காட்சிகளுக்கென ழார்ழ் ஓரிக் இயற்றிய இசைப்பகுதிகளைக் கொக்தோ வேண்டுமென்றே இடம் மாற்றி வேறு காட்சிகளோடு இணைத்தார். பேச்சும் பாட்டும் படத்துக்கு அலங்காரமென்றே பலரும் கருதிய அந்நாளில், ஒலியும் காட்சியும் ஒன்றையொன்று தற்செயலாய்ச் சந்திப்பதிலும் கவிதை பிறக்கக்கூடும் என்று இப்படம் நிரூபித்தது.

இதே பொருளைக் கொக்தோ ‘ஓர்ஃபே’ (1950), ‘ஓர்ஃபேயின் மரண சாசனம்’ (1960) ஆகிய படங்களில் மீண்டும் எடுத்தாண்டார். அவற்றுட் பின்னதில் கவிஞராக நடித்தவரும் அவரே.