இரவல் உயிர்

கோவில்பட்டி பேருந்து நிலையத்துக்கு வெளியே, கடலைமிட்டாய்க் கடைகளுக்கு நடுவில் கொஞ்ச நேரம் நின்றால் போதும். பின்பக்கம் 'யேகோவாயீரே' என்று எழுதிய ஆட்டோ ஒன்றாவது கடந்து போகும். மாவு மில்லில், செல்போன் கடையில், புதுவீட்டு வாசல் கல்லில் எல்லாம் அந்தப் பெயரைப் பார்த்திருக்கிறோம். ஆபிரகாம் ஒரு மலைக்கு இட்ட பெயர் அது. 'கர்த்தர் பார்த்துக்கொள்வார்' என்பது பொருள் என ஞாயிறு பள்ளிக்குப் போன பிள்ளைகூடச் சொல்லிவிடும். ஆனால் ஆபிரகாமின் காதில் யாராவது 'யேகோவா' என்று சொல்லியிருந்தால் அவர் யாரையோ கூப்பிடுகிறார்கள் என்று நினைத்து நகர்ந்திருப்பார். மோசேயும் தாவீதும் அப்படித்தான் நகர்ந்திருப்பார்கள். இந்தப் பெயரின் மெய்யெழுத்துகள் ஒரு சொல்லுக்குச் சொந்தமானவை, உயிரோசைகள் இன்னொரு சொல்லிடம் இரவல் வாங்கியவை.

எபிரெயம் மெய்யெழுத்துகளால் மட்டும் எழுதப்பட்ட மொழி. 119ஆம் சங்கீதத்தின் இடைத்தலைப்புகளாக ஆலெப், பேத், கிமெல் என்று வருகின்றனவே, அந்த இருபத்திரண்டும் மெய்கள்தான். உயிரை வாசிப்பவர் தம் வாயிலிருந்து கொடுக்க வேண்டும். கடவுளின் பெயர் அதில் நான்கு எழுத்து: யோட், ஹே, வாவ், ஹே. ஏட்டில் எழுதலாம், வாயால் சொல்லக்கூடாது என்ற வழக்கம் கிறிஸ்துவுக்கு முன்பே வேரூன்றிவிட்டது. அந்த நான்கு எழுத்தைக் கண்டதும் யூதர்கள் 'அதோனாய்', அதாவது 'என் ஆண்டவர்' என்று வாசித்தார்கள். இது நமக்குப் புரியாத சங்கதி இல்லை. முந்தைய தலைமுறையில் புருஷன் பெயரைச் சொல்லாத பெண்கள் நம் ஊர்களில் எத்தனை பேர்! பத்திர ஆபீசில் கேட்டால், "பழனி மலைமேல நிக்காரே, அந்தச் சாமி பேருதான்" என்பார்கள். விவரம் தெரிந்த எழுத்தர் 'முருகன்' என்று எழுதுவார். வெளியூர்க்காரர் 'பழனிச்சாமி' என்று எழுதிவைப்பார். யேகோவா என்பது அந்த வெளியூர் எழுத்தர் எழுதியதுதான்.

அவர் அப்படி எழுத நேர்ந்ததற்குக் காரணம், கலிலேயாக் கடலோரத்துத் திபேரியா ஊர். ஏறத்தாழ ஏழாம் நூற்றாண்டிலிருந்து பத்தாம் நூற்றாண்டு வரை அங்கே மசோரெத்தர் என்ற ஏட்டுக் காவலர்கள் தலைமுறை தலைமுறையாக ஒரே வேலையைச் செய்தார்கள். எபிரெயம் பேச்சுமொழியாக இருந்த காலம் போய்விட்டது. வாசிக்கும் முறை மறந்துவிடுமோ என்ற பயம். மூலத்தில் ஓர் எழுத்தையும் தொடக்கூடாது. அதனால் எழுத்துக்கு மேலும் கீழும் உள்ளேயும் புள்ளிகளும் கோடுகளும் இட்டு உயிரோசைகளைக் குறித்தார்கள். நம் புள்ளி மெய்யிலிருந்து உயிரை எடுத்துவிடும். அவர்கள் புள்ளி மெய்க்கு உயிரைக் கொடுக்கும். அதோடு விடவில்லை. எந்தச் சொல் எத்தனை முறை வருகிறது, எந்த எழுத்துக்கூட்டு வேறெங்கும் இல்லை என்றெல்லாம் எண்ணி ஓரத்தில் பொடி எழுத்தில் எழுதிவைத்தார்கள். ஐந்தாகமங்களில் 3,04,805 எழுத்து என்பது அவர்கள் மரபில் வழங்கும் கணக்கு. நம் ஊர்ப் பலசரக்குக் கடைக் கணக்கப்பிள்ளைகள் வணங்க வேண்டிய கூட்டம்.

எழுதியிருப்பது ஒன்று, வாசிக்க வேண்டியது ஒன்று என்ற இடங்களில் அவர்கள் ஒரு தந்திரம் செய்தார்கள். எழுதிய மெய்களை அப்படியே விட்டு, வாசிக்க வேண்டிய சொல்லின் புள்ளிகளை அவற்றின்மேல் ஏற்றினார்கள். கடவுளின் பெயருக்கும் அதுவே நடந்தது. நான்கு மெய்களின்மீது 'அதோனாய்' என்பதன் புள்ளிகள் அமர்ந்தன என்பதே பரவலாக ஏற்கப்பட்ட விளக்கம். இதில் ஓர் இலக்கண நுணுக்கம் உண்டு. 'அதோனாய்' தொண்டையெழுத்தான ஆலெபில் தொடங்குகிறது. தொண்டையெழுத்துகள் மிகக் குறுகிய ஓசையைத் தனியே ஏற்காது. அகரச் சாயல் கொஞ்சம் சேர வேண்டும். யோட் தொண்டையெழுத்து இல்லை, ஆகவே அங்கே சாயல் உதிர்ந்து, எகரத்தின் நிழல்போன்ற அரை ஓசை மட்டும் மிஞ்சியது. 'அ-ஓ-ஆ' என்பது 'எ-ஓ-ஆ' ஆனது. (பழைய ஏடுகள் பலவற்றில் அந்த நடு ஓகாரப் புள்ளியைக்கூட இடாமல் விட்டிருக்கிறார்கள், வாசிக்க மாட்டோம் என்று தெரிந்த பெயருக்கு எதற்கு வீண் மை?) யூத வாசகர் யாரும் இதில் ஏமாறவில்லை. புள்ளிகள் அவர்களுக்கு ஒரு கண்சிமிட்டல்.

அந்தப் புள்ளிக்காரர்களில் தலையாயவர் ஆரோன் பென் ஆஷேர். 930ஐ ஒட்டி அவர் கையால் புள்ளியிட்ட ஏடு 'அலெப்போ ஏடு' என்று பின்னால் புகழ்பெற்றது. எருசலேமில் இருந்த அதைச் சிலுவைப் போர்க்காரர்கள் 1099இல் கொள்ளையடித்தார்கள். அப்போது அங்கே சிக்கிய நூல்களையும் மனிதர்களையும் மீட்க யூத சமூகங்கள் வசூல் செய்து பணம் கட்டின. ஏடு கெய்ரோ போய்ச் சேர்ந்தது. அங்கே அதை ஆதாரமாக வைத்துக்கொண்டவர் யூத அறிஞர் மைமோனிதிஸ். அவர் கவலையின்றிப் படித்துக்கொண்டிருந்ததற்கு அவருடைய தம்பி தாவீதின் வியாபாரமே துணை. அந்தத் தம்பி இந்தியாவுக்குச் சரக்கெடுக்கப் போகும் வழியில் நம் பக்கத்துக் கடலில் மூழ்கிப்போனார். அதே கெய்ரோவின் ஜெப ஆலயப் பழங்காகிதக் கிடங்கில், புள்ளியிட்ட வேதத் துண்டுகளோடு மங்களூரில் கடை வைத்திருந்த ஆபிரகாம் பென் யிஜுவின் பன்னிரண்டாம் நூற்றாண்டுக் கடிதங்களும் கலந்து கிடந்தன. மிளகும் இலக்கணமும் ஒரே மூட்டையில்.

எபிரெய இலக்கணம் முழுதாக நிமிர்ந்தது ஸ்பெயினில்தான். அரபு இலக்கணிகள் தம் மொழியை அக்கக்காகப் பிரித்ததைப் பார்த்து, கொர்தோபாவில் இருந்த யூதா ஹய்யூஜ் பத்தாம் நூற்றாண்டின் இறுதியில் எபிரெயத்துக்கும் அதையே செய்தார்: வினை ஒவ்வொன்றுக்கும் மூன்றெழுத்து வேர், தேய்ந்து காணாமல் போனாலும் மூன்றாவது எழுத்து மறைந்து நிற்கிறது என்றார். நூலை எழுதியதும் அரபு மொழியில். அவருக்குப் பின் வைத்தியர் இபன் ஜனாஹ், அதற்கும் பின் நார்போனின் தாவீது கிம்ஹி. இந்தக் காப்பியடித்தலை நான் குறையாகச் சொல்லவில்லை. வடமொழியைப் பார்த்துத் தமிழுக்கு வீரசோழியம் எழுதப்பட்டதும் ஹய்யூஜுக்கு அடுத்த நூற்றாண்டில்தான்.

கிம்ஹியின் வழியில்தான் கிறிஸ்தவ ஐரோப்பா எபிரெயம் கற்றது. 1506இல் யோகான் ராய்க்லின் லத்தீனில் எபிரெய இலக்கணம் வெளியிட்டார். கற்றவர்களுக்குப் புள்ளியைக் கூட்டி வாசிக்கத் தெரிந்தது, கண்சிமிட்டல் தெரியவில்லை. நான்கு மெய்யையும் ஏறியிருந்த புள்ளிகளையும் பள்ளிப்பிள்ளைபோல எழுத்துக்கூட்டினார்கள். 1518இல் கலத்தீனுஸ் என்ற பிரான்சிஸ்கன் துறவியின் லத்தீன் நூலில் அந்தப் பெயர் 'இயெகோவா' என்று துலக்கமாக நிற்கிறது. 1530இல் வில்லியம் டின்டேல் அதை ஆங்கிலத்தில் ஏற்றினார்.

அச்சு இதற்குள் வெனிசில் சூடுபிடித்துவிட்டது. ஆன்ட்வெர்ப்பிலிருந்து வந்த தானியேல் பாம்பெர்க் என்ற கிறிஸ்தவ வணிகருக்கு யூத நூல் அச்சடிப்பதில் மோகம். துனிசிலிருந்து வந்த யாக்கோபு பென் ஹாயிம் சேகரித்த மசோரெத்தரின் ஓரக் குறிப்புகளோடு 1524-25இல் அவர் அச்சிட்ட எபிரெய வேதாகமமே அடுத்த நானூறு ஆண்டுகளுக்கு எல்லோருக்கும் மூலமானது. அந்த அச்சகத்தில் பிழைதிருத்தம் செய்த எலியா லெவீத்தா, ஒரு கர்தினாலின் வீட்டில் பத்தாண்டுக்கு மேல் தங்கி அவருக்கு எபிரெயம் கற்பித்தவர். 1538இல் அவர் ஒரு வெடியைக் கொளுத்திப்போட்டார்: புள்ளிகள் சீனாய் மலையிலிருந்து வந்தவை இல்லை, தால்முது என்ற யூதச் சட்டத் தொகுப்புக்குப் பிந்தையவர்களின் கைவேலை என்றார். சீர்திருத்தச் சபைகளுக்குக் குலை நடுங்கியது. வேதமே ஆதாரம் என்று சொல்லி வெளியேறியவர்கள் அவர்கள். உயிரெழுத்து மனிதன் போட்டதென்றால் ஆதாரம் என்னாவது? நூறாண்டுச் சண்டைக்குப் பின் 1675இல் சுவிட்சர்லாந்துச் சபைகள் சில, புள்ளிகளும் தேவ ஏவுதலே என்று விசுவாச அறிக்கையிலேயே எழுதிக்கொண்டன. ஏவுதலைத் தீர்மானம் போட்டு நிறைவேற்றிய அழகை எண்ணி இன்றும் சிரிக்கலாம். லெவீத்தா சொன்னதே சரி என்று பிற்பாடு நிலைத்தது.

இனி வண்டி நம் பக்கம் திரும்புகிறது. ஜெர்மனியின் ஹால்லேயில் 1720இல் மிகாயேலிஸ் கையெழுத்துப் பிரதிகளை ஒப்பிட்டு எபிரெய வேதாகமப் பதிப்பொன்றைக் கொண்டுவந்தார். தரங்கம்பாடிக்கு மிஷனரிகளை அனுப்பிக்கொண்டிருந்ததும் அதே ஹால்லேதான். 1706இல் வந்த சீகன்பால்கு பழைய ஏற்பாட்டை ரூத் வரை பெயர்த்துவிட்டு 1719இல் இறந்தார். சூல்ட்சே மிச்சத்தை முடித்தார். 1740இல் வந்த பப்ரிசியுஸ் சென்னை வேப்பேரியில் இருந்து அனைத்தையும் புதிதாகப் பெயர்த்தார். கடவுளுக்குச் சீகன்பால்கு 'சருவேசுரன்' என்றார், பப்ரிசியுஸ் 'பராபரன்' என்றார். அந்த நான்கெழுத்துப் பெயருக்குத் தமிழில் நிலைத்தது 'கர்த்தர்': வடமொழிச் சொல்லில் தமிழ் மரியாதை விகுதி, பொருளோ யூதர் வாசித்த 'ஆண்டவர்'.

இங்கே கரிசல்காட்டுக்கு ஒரு சிறு பங்கு உண்டு. பனையோலையில் எழுத்தாணியால் புள்ளி குத்தினால் ஓலை கிழியும். எகரமும் ஒகரமும் புள்ளி பெறும் என்று இலக்கணம் சொன்னாலும், ஓலையில் எழுதியவர்கள் பெரும்பாலும் புள்ளியை விட்டுவிட்டார்கள். 'கெ'யா 'கே'யா, 'கொ'வா 'கோ'வா என்பதை வாசிப்பவர் இடம்பார்த்து அறிந்துகொள்ள வேண்டும். அந்தவிதத்தில் தமிழ் ஓலையும் எபிரெயத் தோற்சுருளும் பங்காளிகள். இத்தாலியில் 1680இல் பிறந்து தமிழகம் வந்த இயேசு சபைத் துறவி பெஸ்கி, நம் வீரமாமுனிவர், தம் தொடக்க காலப் பணியில் கோவில்பட்டிக்குப் பக்கத்துக் காமநாயக்கன்பட்டியில் இருந்தவர். ஆகஸ்டு 15 அன்று பரலோக மாதா கோயில் திருவிழாவுக்கு வண்டி கட்டிப் போகிறோமே, அதே ஊர்தான். இந்த எகர ஒகரக் குழப்பம் அவரை உறுத்தியது. நெடிலுக்குக் கொம்பின் தலையை இன்னொரு முறை சுழித்துக் காட்டும் வழியை முன்வைத்தார். 'யெ' வேறு, 'யே' வேறு ஆயின. 1728இல் அவர் லத்தீனில் எழுதிய பேச்சுத் தமிழ் இலக்கணத்தைப் பத்தாண்டு கழித்து அச்சிட்டவர்கள் யார் தெரியுமா? அவர் நூல் எழுதித் தாக்கிக்கொண்டிருந்த தரங்கம்பாடி லுத்தரன்கள். சண்டை வேறு, நல்ல இலக்கணம் வேறு என்று நினைத்திருப்பார்கள்போலும்.

அந்தச் சுழி அச்சு வழியே மெல்லப் பரவி முடிந்த காலத்தில் வந்ததுதான் இன்று புராட்டஸ்டன்ட் வீடுகளில் இருக்கும் வேதாகமம். ஹென்றி பவர் தலைமையில், முத்தையா பிள்ளை என்ற புலவரின் துணையோடு நடந்த திருத்தம் 1871இல் வெளியானது. குழுவில் இடையன்குடி கால்டுவெல்லும் இருந்தார். எபிரெய மூலத்தில் சாலொமோனின் கப்பல்கள் கொண்டுவந்த 'துக்கி' என்ற மயில், நம் 'தோகை'யே என்று எழுதியவர் அவர். மறுப்பவர்களும் உண்டு, எனக்கோ நம்பத்தான் ஆசை. அந்தத் திருத்தத்தில் பெரும்பாலும் 'கர்த்தர்' என்றே இருக்கிறது. பெயரையே சொல்லியாக வேண்டிய யாத்திராகமம் ஆறாம் அதிகாரம் போன்ற சில இடங்களிலும், யேகோவாயீரே, யேகோவாநிசி போன்ற பெயர்களிலும் மட்டும் மூலத்தின் ஓசை எட்டிப்பார்க்கிறது. ஹகரத்துக்குத் தமிழில் சொந்த எழுத்து இல்லாதது குறையாகவே படவில்லை: 'மகன்' என்று எழுதி 'மஹன்' என்பதுபோல, இரு உயிருக்கு நடுவில் நின்ற ககரம் தானே இளகிக்கொண்டது.

உண்மைப் பெயர் 'யாவே' என்பதுபோல ஒலித்திருக்கும் என்பது பத்தொன்பதாம் நூற்றாண்டிலிருந்து வலுத்த முடிவு. அதை வாதாடிய கெசேனியுஸ் ஹால்லேப் பேராசிரியர் என்பது இன்னொரு வேடிக்கை. கத்தோலிக்கப் பாடல்களில் 'யாவே' புகுந்தது. 2008இல் வத்திக்கான், வழிபாட்டில் அதைச் சொல்ல வேண்டாம், பழையபடி 'ஆண்டவர்' என்றே சொல்லுங்கள் என்று கடிதம் அனுப்பியது. இரவல் வாங்காத அசல் துண்டு ஒன்று நம் எல்லோர் வாயிலும் எப்போதும் இருந்திருக்கிறது: 'அல்லேலூயா'வின் கடைசி 'யா'.

ஆட்டோக்காரர்கள் இப்போது மூன்று விதமாக எழுதுகிறார்கள். ஒன்று, வேதாகமத்தில் உள்ள 'யேகோவா'. ஜெர்மானியர் ஜெ (J) எழுத்தை யகரமாக உச்சரிப்பவர்கள், ஆகவே அவர்களுடைய வாயோசை 'யேகோவா'வுக்குப் பொருந்தும். ஆங்கிலம் படித்தவர்கள் 'ஜெஹோவா' என்கிறார்கள். யெகோவாவின் சாட்சிகள் குறிலில் 'யெகோவா' என்கிறார்கள். திபேரியாப் புள்ளிப்படி பார்த்தால் அந்த முதலெழுத்து குறிலுக்கும் குறிலான அரை ஓசை. நெடிலாக நீட்டியது நாம்தான். பெஸ்கிக்கு முந்தைய ஓலையில் எழுதியிருந்தால், நெடிலா குறிலா என்று யாரும் கேட்டிருக்கவே முடியாது.