செவியாக மாறிய மாளிகை: டிரென்ட் பார்க், 1939–1945

இரண்டாம் உலகப்போர் மூளுவதற்குச் சில நாள்களே இருந்த நிலையில், 1939 ஆகஸ்ட் 24 அன்று, பிரிட்டன் நாடாளுமன்றம் நெருக்கடிகால அதிகாரங்கள் (பாதுகாப்பு) சட்டத்தை நிறைவேற்றியது. அதன்கீழ் வகுக்கப்பட்ட பாதுகாப்பு விதிகளுள் 51ஆவது, போருக்குத் தேவைப்படும் எந்த நிலத்தையும் கட்டடத்தையும் அரசு தன் வசம் எடுத்துக்கொள்ள வழிசெய்தது. சொத்தின் உரிமை உடையவரிடமே இருக்க, அனுபோக உரிமை மட்டும் அரசுக்குச் செல்லும் இந்த ஏற்பாடு தற்காலிகக் கையகப்படுத்தல் எனப்படும். இதற்கு ஈடாக உரிமையாளருக்கு வாடகையும் சேதங்களுக்கான இழப்பீடும் தர அதே ஆண்டில் தனிச்சட்டம் ஒன்றும் இயற்றப்பட்டது. இவ்வாறு, பிரபுக்குலத்தினர் தம் பண்ணை நிலங்களின் நடுவே எழுப்பியிருந்த நாட்டுப்புற மாளிகைகள் பலவும் மருத்துவமனைகளாகவும் பயிற்சி முகாம்களாகவும் படைத்தலைமையகங்களாகவும் மாறின. பிற மாளிகைகளில் இராணுவத்துக்குப் பயன்பட்டது இடவசதி. இலண்டனுக்கு வடக்கே இருந்த டிரென்ட் பார்க்கிலோ மாளிகையின் சொகுசே போர்க்கருவியாயிற்று.

பம்பாயில் விளைந்த செல்வம்

டிரென்ட் பார்க்கின் உரிமையாளர் சர் பிலிப் சசூன். பாக்தாதிலிருந்து பம்பாய்க்குக் குடிபெயர்ந்து வணிகத்தில் பெருஞ்செல்வம் ஈட்டிய யூதக் குடும்பத்தில் வந்தவர். அவருடைய தந்தை எட்வர்டு பம்பாயில் பிறந்தவர். மும்பைக் கொலாபாவில் இன்றும் மீன்பிடித் துறைமுகமாக இயங்கும் சசூன் டாக், பாட்டனார் ஆல்பர்ட் சசூன் கட்டியது. நாடாளுமன்ற உறுப்பினராகவும் விமானப்படைத் துறையின் துணை அமைச்சராகவும் விளங்கிய பிலிப், 1920களின் பிற்பகுதியில் இம்மாளிகையைப் புதுப்பித்தபோது, இலண்டனில் இடிக்கப்பட்ட டெவன்ஷைர் இல்லத்தின் செங்கற்களைக் கொண்டுவந்து பயன்படுத்தினார். அரசியல் தலைவர்களும் கலைஞர்களும் வார இறுதிகளில் கூடிய அந்த விருந்தோம்பல், 1939 ஜூனில் அவர் மறைந்ததும் முடிவுக்கு வந்தது. அவ்வாண்டின் இறுதியில், இலண்டன் கோபுரக் கோட்டையில் இயங்கிவந்த போர்க்கைதி விசாரணை மையம் இங்கு இடம்பெயர்ந்தது.

உபசாரம் என்னும் உத்தி

மையத்தின் தலைவர் தாமஸ் கெண்ட்ரிக். வியன்னாவில் கடவுச்சீட்டு அதிகாரி என்ற போர்வையில் பிரிட்டனின் உளவுப்பணியை நடத்தி, 1938இல் ஜெர்மானிய இரகசியக் காவல்படையான கெஸ்டாபோவால் கைதுசெய்யப்பட்டு வெளியேற்றப்பட்டவர் அவர். விசாரணை அறையில் வாய் திறக்காத அதிகாரி, தன் தோழரோடு தனித்திருக்கும்போது தாராளமாகப் பேசுவார் என்பதே இம்மையம் கண்டறிந்த அடிப்படை உண்மை. எனவே கணப்பிடங்களிலும் விளக்குகளிலும், பில்லியர்ட்ஸ் மேசையிலும்கூட ஒலிவாங்கிகள் மறைத்துவைக்கப்பட்டன. அவற்றின் கம்பிகள் சென்று சேர்ந்த அறையில், காதொலிப்பான் அணிந்த கேட்பவர்கள் முறைவைத்து அமர்ந்திருந்தனர். பேச்சு பயனுள்ள திசையில் திரும்பிய கணமே, இசைத்தட்டைப் போன்ற அரக்குப்பூச்சுத் தட்டில் அதைப் பதியத் தொடங்கினர். பிறகு அதை ஜெர்மன் மொழியில் எழுத்துப்படியாக்கி மொழிபெயர்த்தனர்.

1942 முதல், பிற கைதிகளுக்கு லாட்டிமர், வில்ட்டன் பார்க் ஆகிய மாளிகைகள் ஒதுக்கப்பட, டிரென்ட் பார்க் ஜெர்மானியத் தளபதிகளுக்கு உரியதாயிற்று. நல்ல உணவும் மதுவும் நூல்களும் பூங்காவில் உலாவும் உரிமையும் அவர்களுக்கு வழங்கப்பட்டன. ‘அபெர்ஃபெல்டி பிரபு’ என்ற பெயரில் ஸ்காட்லாந்துப் பிரபுவாக நடித்த உளவு அதிகாரி ஒருவர் அவர்களுடைய நலன்களைக் கவனித்துக்கொண்டார். தம் தகுதிக்கு ஏற்ற மரியாதை இதுவென்று நம்பிய தளபதிகள், தம் பேச்சு ஒட்டுக்கேட்கப்படுவதை உணரவில்லை.

இதன் பலன் 1943 மார்ச்சில் வெளிப்பட்டது. எல் அலமைன் போரில் பிடிபட்ட ஜெனரல் ஃபொன் தோமா, தன்னுடன் இருந்த ஜெனரல் க்ரூவெலிடம், குமர்ஸ்டோர்ஃப் சோதனைத் தளத்தில் தாம் கண்ட பெரும் ராக்கெட்டுகளைப் பற்றிக் கூறி, அவை வெடிக்கும் ஓசை இன்னும் கேட்கவில்லையே என்று வியந்தார். அதுவரை ஐயத்தோடு நோக்கப்பட்ட ராக்கெட் செய்திகளுக்கு இவ்வுரையாடல் வலுச்சேர்க்க, தனி விசாரணை முடுக்கிவிடப்பட்டது. ஆகஸ்ட் 17 இரவு, பிரிட்டனின் ஏறத்தாழ 600 குண்டுவீச்சு விமானங்கள் பால்டிக் கரையிலிருந்த பீனமுண்டே ராக்கெட் ஆய்வுத் தளத்தைத் தாக்கின.

கேட்டவர்களின் பாரம்

ஜெர்மன் மொழியின் வட்டார வழக்குகளையும் படைவீரர் கொச்சையையும் தவறாமல் புரிந்துகொள்ள அதைத் தாய்மொழியாகக் கொண்டவர்கள் தேவைப்பட்டதால், நாஜிகளிடமிருந்து தப்பிவந்த அகதிகள், பெரும்பாலும் யூத இளைஞர்கள், இப்பணிக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டனர். அவர்களுடைய காதுகளில் ஆயுதச் செய்திகள் மட்டும் விழவில்லை. 1941இல் ரீகா நகருக்கு அருகே யூதர்கள் குழிகளின் ஓரத்தில் வரிசையாகச் சுட்டுக்கொல்லப்பட்டதைத் தளபதி வால்ட்டர் ப்ரூன்ஸ் சக கைதிகளிடம் விவரித்தது 1945 ஏப்ரலில் பதிவாகியது. தம் உறவினரின் கதி தெரியாத நிலையில் அகதி இளைஞர்கள் இத்தகைய பேச்சுகளைச் சொல்லுக்குச் சொல் எழுதியாக வேண்டியிருந்தது. ஒட்டுக்கேட்பு முறை வெளியே தெரிந்துவிடக் கூடாது என்பதற்காக, இப்பதிவுகள் நியூரம்பர்க் போர்க்குற்ற விசாரணையில் சான்றாக வைக்கப்படவில்லை. அரசு இரகசியச் சட்டத்துக்குக் கட்டுப்பட்ட கேட்பவர்களும் பல பத்தாண்டுகள் வாய் திறக்கவில்லை. எழுத்துப்படிகள் 1996இல்தான் பொதுப்பார்வைக்கு வந்தன.

போருக்குப்பின் ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியாகவும், பின்னர் 2012 வரை பல்கலைக்கழக வளாகமாகவும் இருந்த மாளிகை, இன்று குடியிருப்புத் திட்டத்தின் பகுதியாகிவிட்டது. அதில் அருங்காட்சியகத்துக்கும் இடம் ஒதுக்கப்பட்டிருக்கிறது. டிரென்ட் பார்க்கின் பணி பல உயிர்களைக் காக்க உதவியது என்பதில் ஐயமில்லை. ஆயினும், குற்றவாளிகளின் வாய்மொழியே கையில் இருந்தும் அதை நீதிமன்றத்துக்குத் தராமல் பூட்டிவைத்தது, கொல்லப்பட்டவர்களுக்கு இழைக்கப்பட்ட அநீதி என்றே வரலாறு மதிப்பிட வேண்டும்.