ஜெயலலிதா - கரண் தாப்பர் நேர்காணலும் பெரியகுளமும்

பி.பி.சி. தொலைக்காட்சியின் 'ஹார்ட்டாக் இந்தியா' நிகழ்ச்சிக்காகத் தமிழக முதல்வர் ஜெ. ஜெயலலிதாவைக் கரண் தாப்பர் எடுத்த ஆங்கில நேர்காணல் 2004 அக்டோபர் 1 அன்று ஒளிபரப்பானது. பதவியிலிருந்த முதல்வரிடம் அவருடைய நம்பிக்கைகளைப் பற்றியும் கட்சியினரின் பணிவைப் பற்றியும் நேருக்கு நேர் கேட்ட பேட்டியாக இது நினைவுகூரப்படுகிறது.

பின்னணி

ஜெயலலிதா அப்போது தேனி மாவட்டம் ஆண்டிபட்டித் தொகுதியின் சட்டமன்ற உறுப்பினர். 2001 செப்டம்பரில் உச்ச நீதிமன்றத் தீர்ப்பால் அவர் பதவி இழந்தபோது, பெரியகுளம் சட்டமன்ற உறுப்பினரான ஓ. பன்னீர்செல்வம் முதல்வரானார். 2002 மார்ச்சில் அப்பதவியைத் திருப்பி ஒப்படைத்துவிட்டு அமைச்சராகத் தொடர்ந்தார். 2004 மக்களவைத் தேர்தலில் அ.தி.மு.க. தமிழகத்தில் ஓரிடத்திலும் வெல்லவில்லை. பெரியகுளம் தொகுதியைக் காங்கிரஸ் கைப்பற்றியது. தேர்தலுக்குப் பின், 2002-இல் இயற்றப்பட்ட கட்டாய மதமாற்றத் தடைச் சட்டம் உள்ளிட்ட பல நடவடிக்கைகளை அரசு கைவிட்டது.

நேர்காணல்

இந்தப் பின்வாங்கல்கள் பற்றித் தாப்பர் கேட்டார். சோதிடத்திலும் எண்கணிதத்திலும் நம்பிக்கை உண்டா என்று வினவி, ஆங்கிலத்தில் எழுதும் தன் பெயரின் இறுதியில் அவர் ஓர் எழுத்தைச் சேர்த்ததைச் சுட்டினார். அதற்கு என்ன ஆதாரம் என்று ஜெயலலிதா திருப்பிக் கேட்டார். அமைச்சர்கள் காலில் விழுவது குறித்த கேள்விக்கு, பெரியோர் காலைத் தொட்டு வணங்குவது இந்திய மரபு என்றார். முடிவில், இவ்வுரையாடல் தமக்கு மகிழ்ச்சி தரவில்லை என்று கூறி, கைகுலுக்காமல் விடைபெற்றார்.

பின் நிகழ்வு

காலில் விழும் வழக்கத்துக்கு ஊடகங்கள் அடிக்கடி எடுத்துக்காட்டியவர்களுள் பன்னீர்செல்வமும் ஒருவர். ஜெயலலிதா மறைந்தபின் மூன்றாம் முறை முதல்வரான அவர், 2017 பிப்ரவரி 5 அன்று பதவி விலகல் கடிதம் அளித்தார். பிப்ரவரி 7 இரவு, சென்னை மெரினா நினைவிடத்தில் சுமார் 40 நிமிடம் தியானத்தில் அமர்ந்தார். பின்னர், தம்மைக் கட்டாயப்படுத்தி விலகச் செய்ததாகச் செய்தியாளர்களிடம் தெரிவித்தார். ஜெயலலிதாவின் ஆன்மாவே தம்மைப் பேசத் தூண்டியதாகவும் கூறினார். தொலைக்காட்சிகள் இதை நேரலையில் காட்டின.

முக்கியத்துவம்

சுயமரியாதை இயக்க மரபில் வந்த கட்சி என்பதால் 2004-இல் எழுந்த கேள்வி கூர்மை பெற்றது. தலைவர் மீதான பக்தி தனிமனித உரிமையைப் பறிக்கிறதா என்பதே அதன் உட்பொருள். 2017-இல் பன்னீர்செல்வம் அந்தப் பக்தியைக் கைவிடவில்லை. கட்சித் தலைமையை எதிர்க்க அதையே ஆதாரமாகக் கொண்டார். வாய்மூடி நிற்பதற்கான காரணமாகக் கருதப்பட்ட பணிவு, வாய்திறந்து பேசுவதற்கும் காரணமானதை இவ்விரு தொலைக்காட்சிப் பதிவுகளும் சேர்ந்து காட்டுகின்றன.