முறிப்பு என்பது உடைப்பு அன்று

முறிப்பு என்றால் உடைந்த குளம் என்று மறுபடியும் ஒருவர் எழுதிவிட்டார், இம்முறை ஒரு பாடசாலையின் ஆண்டு மலரில். தண்ணிமுறிப்பு, புதுமுறிப்பு, குளமுறிப்பு, மூன்றுமுறிப்பு, கரிப்பட்டமுறிப்பு, மணவாளன்பட்டமுறிப்பு என்று வன்னி ஊர்ப் பெயர்களை அடுக்கி, இவையெல்லாம் காடு மூடிய காலத்தில் கட்டு உடைந்து கிடந்த குளங்களின் பெயர்கள், பழுது பார்க்க ஆளில்லாமற் போனதன் அடையாளங்கள் என்று முடித்திருக்கிறார். அதைப் படிக்கும் பிள்ளைகள் தங்கள் ஊர் ஓர் அழிவின் பெயரைச் சுமக்கிறது என்று நம்புவார்கள். அந்த நம்பிக்கை பிழையானது.

முறிதல் தன்வினை, முறித்தல் பிறவினை. தானே முறிந்தால் அது முறிவு. எலும்பு முறிவு, மண முறிவு என்பன அப்படி வந்தவை. ஒருவர் வேண்டுமென்று செய்தால்தான் முறிப்பு. கட்டு தானாக அரித்துப் போயிருந்தால் அந்த இடத்துக்கு முறிவு என்றோ, முறிகுளம் என்றோ, முறிந்தகுளம் என்றோ பெயர் வந்திருக்கும். வரவில்லை.

பேச்சு வழக்கைக் கேட்டுப் பாருங்கள். மாரியில் கட்டு அறுத்துக்கொண்டு போனால் வன்னிக் கமக்காரர் குளம் உடைப்பெடுத்தது என்பார்கள். 2009 சனவரியில், போரின் கடைசி மாதங்களில், கல்மடுக் குளத்தின் கட்டு தகர்க்கப்பட்டது. அதைச் சொல்பவர்கள் எல்லாரும் குளத்தை உடைச்சது என்றே சொல்கிறார்கள். குளத்தை முறிச்சது என்று ஒருவர் வாயிலும் நான் கேட்டதில்லை. பிட்டுக்கு மண் சுமந்த கதையிலும் வையைக் கரையில் அடைக்கப்படுவது உடைப்புத்தான்.

உடைப்பும் பிறவினை அல்லவா, வெள்ளம் கட்டை உடைப்பது போலத் தண்ணீர் கட்டை முறித்த இடம் தண்ணிமுறிப்பு ஆகலாமே என்று கேட்பார்கள். இலக்கணம் அதற்கு இடம் கொடுக்கும். புதுமுறிப்பு கொடுக்காது. புதிதாக உடைந்த இடம் என்று யார் குடியேறிய ஊருக்குப் பெயர் வைப்பார்? புதுக்குளம், புதுக்குடியிருப்பு, புதுமுறிப்பு: வன்னியில் ‘புது’ சேர்ந்தால் அங்கே ஒன்று ஆக்கப்பட்டிருக்கிறது என்பது பொருள். குளமுறிப்பையும் எனக்கு எதிராகக் காட்ட முடியாது. உடைந்த குளம் என்ற கருத்தில் தமிழ் முறிகுளம் என்றுதான் தொகுக்கும்.

அப்படியானால் எதை முறித்தார்கள்? ஓடும் தண்ணீரின் வேகத்தை. நஞ்சை முறிக்கிறோம், திமிரை முறிக்கிறோம். இவற்றில் எதுவும் இரண்டு துண்டாவதில்லை. ஓடிப் பரவும் ஒன்று அதன் விசை அடங்கி நிற்கிறது. காட்டாறு ஓடும் வழிக்குக் குறுக்கே மண்கட்டுப் போட்டு ஓட்டத்தை அடக்கிய இடம் முறிப்பு. தண்ணிமுறிப்பு என்ற பெயரில் முறிக்கப்பட்டது தண்ணீர். கட்டு அன்று.

தடுத்தலைக் குறிக்கும் சொல்லாலே நீர்நிலை ஆக்குதலைச் சொல்வது தமிழுக்குப் புதிதல்ல. குடபுலவியனார் பாண்டியன் நெடுஞ்செழியனுக்குக் கூறிய அறிவுரையை, புறநானூற்றின் பதினெட்டாம் பாட்டை, அறியாதவர் இல்லை. நீர்நிலை பெருகச் செய்தவர்களை அங்கே அவர் தட்டோர் என்கிறார். தட்டல் தடுத்தல், தளைத்தல். தொல்காப்பியப் புறத்திணையியலில் விரைந்து வரும் புனலைத் தாங்குவது கற்சிறை. சிறையும் தடுத்து வைப்பதே. நாம் குளத்தின் கரையைக் கட்டு என்கிறோம். அது ஓடும் நீரைக் கட்டிப்போட்டது. தட்டு, சிறை, கட்டு என்ற வரிசையில் முறிப்பை வைத்துப் பார்த்தால் அது அந்நியமாக நிற்கவில்லை.

சொல்லை அகராதியில் மட்டும் தேடுபவர்களுக்கு இது பிடிபடாது. முறிப்பு நின்ற ஓடைகளைத் தேடி நடக்க வேண்டும். வன்னி ஆறுகளில் பெரும்பாலானவை மாரியில் ஓடிக் கோடையில் மணலாகக் கிடப்பவை. கனகராயன் ஆறு, பாலி ஆறு, பேராறு ஆகியவற்றுக்காவது பெயர் உண்டு. அவற்றில் வந்து விழும் சிற்றோடைகள் பலவற்றுக்கு இன்று பெயர் சொல்ல ஆளில்லை. சில வயலுக்குள்ளும் சில வீட்டுக் காணிகளுக்குள்ளும் தூர்ந்துவிட்டன. ஆனாலும் தடம் அழியவில்லை. வறண்ட தரையில் மருத மரங்கள் ஒரே வரிசையாக நின்றால் அடியில் பழைய ஓடை இருக்கிறது. வீதியில் மதகு இருந்தால் அதன் ஊடாக ஏதோ ஒன்று ஓடியிருக்கிறது. மதகு என்றதும் தமிழ்நாட்டார் குளத்து மடையை நினைப்பார்கள். அதை நாங்கள் துருசு என்கிறோம். எங்கள் மதகு வீதிக்குக் கீழே நீர் போகும் சிறு பாலமும் அதன் ஓரச் சுவரும், பொழுதுபட்டால் இளைஞர்கள் குந்தியிருந்து கதைக்கும் இடம். கீழே ஓடிய ஓடை மறைந்த பிறகும் மதகு அங்கேயே இருக்கிறது.

வவுனியா நகரத்துக்குள் நடந்தால் இது இன்னும் தெளிவாகும். வைரவபுளியங்குளம், பண்டாரிகுளம், இறம்பைக்குளம், தாண்டிக்குளம், கூமாங்குளம் என்பன இன்று பஸ் நிறுத்தங்களும் வீட்டு முகவரிகளும். ஆனால் வன்னிக் குளங்கள் தனித்தனியே கிடக்கும் பள்ளங்கள் அல்ல. மேற்குளம் நிரம்பி வான் பாய்ந்தால் அந்த நீர் ஓடை வழியே கீழ்க்குளத்துக்குப் போகும். ஆகவே குளம் என்று முடியும் இரண்டு பெயர்களுக்கு இடையில், கட்டடங்களுக்கு அடியிலோ கழிவு வாய்க்காலின் உருவிலோ, ஓர் ஓடையைத் தேடலாம். அதை அடைத்து வீடு கட்டியவருக்கு மாரி நினைவூட்டும். 2018 டிசெம்பரில் கிளிநொச்சியும் முல்லைத்தீவும் வெள்ளத்தில் மூழ்கியபோது மறந்துபோன ஓடைகளையும் தண்ணீர் மறக்காமல் தேடிப் போனது.

வன்னியின் மிகப் பெரிய புதைந்த ஆறு எது என்றால் நான் இரணைமடுவைக் காட்டுவேன். இரணை என்றால் இரட்டை. இரணைப் பிள்ளைகள், இரணைதீவு என்று இன்றும் வழங்குகிறோம். மடு ஆற்றுப் படுக்கையின் ஆழக்கிடங்கு. 1902இல் ஆங்கிலேயர் காலத்துக் குளக் கட்டு வேலை தொடங்குவதற்கு முன் கனகராயன் ஆற்றில் கிடந்த இரண்டு மடுக்களை இந்தப் பெயர் காத்து வைத்திருக்கிறது. இன்று அவை குளத்தின் அடியில். மடு ஆறு தானே தோண்டியது, முறிப்பு மனிதன் ஆற்றுக்குச் செய்தது. இரண்டையும் நம்மவர்கள் கலக்காமல் பெயரிட்டிருக்கிறார்கள்.

வேறு விளக்கங்களும் உலவுகின்றன. முறி என்றால் ஓலை, பத்திரம். திறைசேரி முறி, பிணைமுறி என்கிறோமே, ஆகவே முறி எழுதிக் கொடுத்த காணி முறிப்பு என்பர் சிலர். அந்த முறி பெயர்ச்சொல், அதில் ‘ப்பு’ ஏற வழியில்லை. மலையாள நாட்டில் முறி என்பது ஊரின் ஒரு கூறு என்பதும் இதே காரணத்தால் உதவாது. மறிப்பு என்பதே முறிப்பு என்று திரிந்தது என்பாரும் உளர். கருத்து எனக்குச் சாதகமானது. ஆனால் மகரத்தில் உகரம் ஏறியதற்குக் காரணம் காட்டாதவரை அதை ஏற்கமாட்டேன்.

உண்மையில் உடைந்த இடத்தின் பெயர் வேண்டுமென்றால் முறிகண்டியைப் பாருங்கள். ஏ-9 வீதியில் வாகனங்கள் நின்று, பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்து, கச்சான் வாங்கிப் போகும் அதே முறிகண்டி. தெலுங்கில் கண்டி என்பது ஏரிக் கரையிலும் வாய்க்கால் கரையிலும் விழும் உடைப்பு, கன்னடத்தில் துவாரம், இடைவெளி. முறிந்து திறந்த வாய் முறிகண்டி. அங்கே வினை ‘முறி’ என்று வெறும் பகுதியாக நிற்பதைக் கவனிக்க வேண்டும். உடைந்ததற்கு அந்த வடிவம், கட்டியதற்கு முறிப்பு. இரண்டும் ஒரே நிலத்தில், சில மைல் இடைவெளியில் வழங்கும்போது அவற்றை ஒன்றாக்குவது எப்படிச் சரியாகும்?

எதிர்த்தரப்பின் வலுவான சான்று ஒன்றே. பத்தொன்பதாம் நூற்றாண்டில் வந்த அதிகாரிகள் வன்னியில் எண்ணற்ற குளங்கள் உடைந்து காடேறிக் கிடக்கக் கண்டார்கள். நீர்ப்பாசனப் பொறியியலாளர் ஹென்றி பார்க்கரும், 1895இல் வன்னி மாவட்டங்கள் பற்றிய கைநூலை வெளியிட்ட ஜே. பி. லூயிஸும் அந்த நிலையைப் பார்த்தவர்கள். அது உண்மை. ஆனால் அவர்கள் வந்து பார்த்த காலத்தின் தோற்றத்தைக் கொண்டு, அதற்கு முன்பே வழங்கிய பெயரின் பொருளைத் தீர்மானிக்க முடியாது.

கடைசியாக, மாங்குளத்திலிருந்து ஒட்டுசுட்டான் போகும் வீதியிலுள்ள கரிப்பட்டமுறிப்பு. யானை செத்த உடைப்பு என்று மலர்க் கட்டுரை சொல்கிறது. கரி யானை என்பதில் எனக்கு மறுப்பில்லை; கரிக்கட்டுமூலை என்ற பழைய வன்னிப் பற்றின் பெயரும் யானை கட்டிய மூலை என்றே விளங்கும். ஒல்லாந்தருக்கு வன்னியர் யானைகளைத் திறையாகக் கொடுத்த நாடு இது. தண்ணீர் தேங்கிய இடத்துக்கு யானை வரும். வந்த இடத்தில் பிடிபடும். வலையிற் பட்ட, கண்ணியிற் பட்ட என்பது போல யானை பட்ட முறிப்பு. உடைந்து வற்றிய குளத்துக்கு எந்த யானை வரும்?

மணவாளன்பட்டமுறிப்பில் ‘பட்ட’ இறந்த என்றே இருக்கட்டும். அந்த மணவாளன் கட்டு வேலையில் இறந்தானோ காவலில் இறந்தானோ, பெயரில் பட்டவன் அவன், முறிப்பு படவில்லை. அது அங்கே நின்றபடியால்தான் அவன் இறந்த இடத்துக்கு அடையாளமாயிற்று. ஓடையின் குறுக்கே மண்ணைச் சுமந்து கொட்டியவர்களே அதற்கு முறிப்பு என்று பெயரிட்டார்கள் என்பதில் எனக்கு ஐயமில்லை.